அன்புக் கணவரும் என்ற இரண்டு சொல்

அண்ணை, தம்பியின் மரண அறிவித்தலில் நீங்கள் பொய் எழுதினீர்கள். மறதி என்று சொல்ல வேண்டாம். அவனுடைய கலியாணத்தில் சாட்சியாகப் பக்கத்தில் நின்றவர் நீங்கள். அவன் செத்த மறுநாள், அவனுக்கு மனைவியே இல்லை என்பதுபோலப் பத்திரிகைக்கு எழுதிக் கொடுத்தவரும் நீங்கள்.

எங்கள் ஆட்களின் அறிவித்தல் எப்படி இருக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். பிறந்த இடம், வாழ்ந்த இடம், இன்னாரின் அன்பு மகனும், இன்னாரின் அன்புச் சகோதரனும், இன்னாரின் சித்தப்பாவும். தம்பி ஒருநாளும் முகம் காணாத, அவனுக்குச் சித்தப்பா முறை சொல்லும் பெறாமக்கள் எல்லாம் அதில் இருந்தார்கள். லண்டன், பாரிஸ், சிட்னி என்று ஊர் ஊராக இருந்தது. மகனும் என்பதற்கும் சகோதரனும் என்பதற்கும் நடுவில் அன்புக் கணவரும் என்று இரண்டு சொல் வரவேண்டும். அந்த இடத்தில் ஒரு காற்புள்ளி இருந்தது.

இதை உங்களிடம் தொலைபேசியில் கேட்டேன், வீட்டுக்கு வந்தும் கேட்டேன். ஒவ்வொரு முறையும் பேந்து கதைப்பம், பிறகு பார்ப்பம் என்றீர்கள். நீங்கள் அச்சில் செய்ததை நானும் அச்சில் கேட்கிறேன். பெயர்களை விட்டுவிட்டேன். மொன்ட்ரியாலில் எங்கள் ஆட்களுக்கு நான் யார், நீங்கள் யார் என்று கண்டுபிடிக்க அரை நாள் போதும்.

தம்பி ஒரு ஜப்பானியச் சாப்பாட்டுக் கடையில் சமையல்காரன். நகரத்தின் நடுவில், மெற்றோ வாசலுக்குப் பக்கத்தில் இருந்த கடை. உள்ளே சூஷி உருட்டியது முழுப்பேரும் யாழ்ப்பாணத்துப் பெடியங்கள். அந்தக் கடையில் ஜப்பானியர் என்று இருந்தது ஒரேயொருத்தி, அவள் மேசைகளுக்குத் தட்டுத் தூக்கினாள். வந்த வெள்ளைக்காரர் அவளைப் பார்த்துவிட்டு உள்ளே அவளின் தகப்பன் சமைக்கிறார் என்று நினைத்திருப்பார்கள். உள்ளே எங்கள் தம்பி பழைய பாட்டுப் போட்டுக்கொண்டு மீன் வெட்டினான்.

அவளுக்குத் தமிழ் அந்தக் குசினியில் வந்தது. கெதியா, தள்ளி நில், உப்புக் காணாது இன்னும் போடு, அதற்கு மேல் இங்கே எழுத முடியாத இரண்டு மூன்று சொல். தம்பி அவளை முதன்முதல் செயின்ட்-மிஷேலில் என் வீட்டுக்குக் கூட்டி வந்தபோது, வாசலில் இடுப்பு வரை குனிந்து வணக்கம் வைத்துவிட்டு, "அக்கா, கெதியா வாங்கோ" என்றாள். நான் என் வீட்டு வாசலில் நிற்கிறேன், எங்கே ஓடிக் கெதியாக வருவது? தம்பி சிரித்துச் சிரித்துச் சுவரில் சாய்ந்துவிட்டான். மற்றப்படி அவளும் நானும் கதைத்தது பிரெஞ்சில். குடிவரவாளருக்கு நடத்தும் வகுப்பில் இரண்டு பேரும் வெவ்வேறு வருஷம் படித்த பிரெஞ்சு. இரண்டு பேருக்கும் ஒரேமாதிரிப் பிழை வந்ததால் ஒருவர் சொல்வது மற்றவருக்கு நன்றாக விளங்கியது.

அன்று நான் பகிடிக்கு அவளைப்போலக் குச்சி பிடித்துச் சாப்பிட்டேன். அவள் தன் குச்சியால் ஒரு மீன் துண்டைத் தூக்கி நீட்டியபோது, நான் என் குச்சியால் அதை வாங்கப் போனேன். அவள் சட்டென்று கையை இழுத்து மீனைத் தட்டில் போட்டுவிட்டாள். முகம் வெளிறிப்போனது. எனக்குக் கோபம் வந்தது, என்ன, என்னில் தீட்டா என்று. தம்பிதான் சொன்னான்: "அக்கா, அது செத்தவீட்டு வேலை. சாப்பாட்டு மேசையில அப்பிடிச் செய்யக்கூடாது."

அவர்கள் ஊரில் உடலை எரித்த பிறகு எலும்பு முழுதாகக் கிடக்குமாம். குடும்பத்தார் சுற்றி நின்று, இரண்டு பேராகச் சேர்ந்து, இரண்டு பக்கமும் குச்சியால் பிடித்து, ஒரே எலும்பைத் தூக்கிச் சாடிக்குள் வைப்பார்களாம். காலில் தொடங்கித் தலையில் முடிக்க வேண்டும், இல்லாவிட்டால் செத்தவர் சாடிக்குள் தலைகீழாக நிற்பார். கழுத்தில் ஒரு சின்ன எலும்பு, புத்தர் இருப்பதுபோல இருக்குமாம். அதைக் கடைசியாக எடுப்பார்கள். அதை எடுப்பது ஆக நெருங்கியவர். இரண்டு பேரின் குச்சி ஒரே பொருளில் படுவது அந்த ஒரு வேலைக்கு மட்டும்.

இதை நான் இவ்வளவு எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது, அண்ணை. பின்னால் வரும்.

கலியாணம் கோர்ட்டில் நடந்தது. அவள் பக்கத்தில் வகுப்பில் கூடப் படித்த ஒரு வியட்நாம் பிள்ளை சாட்சி. எங்கள் பக்கத்தில் நீங்கள், சாம்பல் கோட்டுப் போட்டுக்கொண்டு. அன்றைக்குக் கடை பூட்டு. பெடியங்கள் ஆட்டிறைச்சிக் கறியையும் சூஷியையும் ஒரே மேசையில் வைத்தார்கள். நீங்கள் இரண்டாம் முறை சோறு போட்டுச் சாப்பிட்டீர்கள். கை கழுவிவிட்டு வந்து அவளின் தலையில் கை வைத்து, "இனி நீ எங்கட வீட்டுப் பிள்ளை" என்றீர்கள். அது அவளுக்கு விளங்கியது. அதற்குப் பிறகு உங்களைப் பற்றி ஒரு குறை அவளிடம் சொல்ல முடியாது, எழும்பிப் போய்விடுவாள்.

அதே நாள் பின்னேரம்தான், இப்போதைக்கு யாருக்கும் தெரிய வேண்டாம் என்றும் சொன்னீர்கள். ஊரில் அம்மாவுக்கு இருதயம் சரியில்லை, பேந்து சொல்லுவம். சமாதான காலம், பாதை திறந்து கிடந்தது, இங்கிருந்து போய் வந்தவர்கள் எத்தனையோ பேர். நேரில் போய்ச் சொல்லியிருக்கலாம். அம்மா அந்த மருமகளைக் காணாமலே கண்ணை மூடினா. அதற்குப் பிறகாவது பேந்து வரும் என்று பார்த்தேன். நீங்கள் உங்கள் மகளுக்குச் சம்பந்தம் பேசத் தொடங்கினீர்கள். ரொறொன்ரோ ஆட்கள், பழைய மனிதர். சித்தப்பன் ஜப்பான்காரியைக் கட்டியவன் என்று தெரிந்தால் குழம்பிவிடும் என்றீர்கள்.

மறைக்கிறது இங்கே லேசு. இந்த மாகாணத்தில் பெண் கலியாணத்துக்குப் பிறகும் தன் பெயரைத்தான் வைத்திருக்க வேண்டும். கோட்-டெ-நெய்ஜில் அவர்கள் இருந்த கட்டடத்தில், கீழ்க்கதவு மணிக்குப் பக்கத்தில் இரண்டு பெயர் இருந்தது. பார்த்த தமிழர் அறையைப் பங்குக்கு எடுத்திருக்கிறார்கள் என்று நினைத்தார்கள். தம்பியும் அதைத் திருத்தவில்லை. உங்களில் அவனுக்குப் பயம். அவனிலும் எனக்குக் கோபம் இருக்கிறது. செத்தவனைக் கேட்க முடியாது. நீங்கள் உயிரோடு இருக்கிறீர்கள்.

ஒருநாள் அவளிடமே கேட்டேன், உனக்கு இது எரியவில்லையா என்று. அவர்கள் கட்டடத்தின் உடுப்புத் தோய்க்கும் அறையில் இருந்தோம். மெஷின் சுற்றி முடியும்வரை அவள் ஒரு கதை சொன்னாள்.

அவளின் தகப்பனுக்கு வேறொரு பெண் இருந்தாள். பக்கத்து ஊர். தாய்க்குத் தெரியும், பிள்ளைகளுக்குத் தெரியும், தெருவுக்கே தெரியும். ஒருவரும் வாய் திறந்ததில்லை. அவர் வெள்ளிக்கிழமை வராவிட்டால் தாய் ஒரு தட்டுக் குறைத்து வைப்பாளாம், அவ்வளவுதான். அவர் செத்தபோது அந்தப் பெண் கறுப்பு உடுத்து வந்து, வாசலுக்கு வெளியே, செருப்புக் கழற்றும் இடத்துக்குக் கீழே நின்றாள். ஒருவரும் வா என்று சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை. தகனசாலை வரை பின்னாலேயே வந்தாள். எலும்பு எடுக்கும்போது கடைசிக் கழுத்தெலும்பு வந்தது. தாய் தன் குச்சியோடு நிமிர்ந்து பார்த்து, வாசலில் நின்றவளைக் கையால் கூப்பிட்டாள். இரண்டாவது சோடிக் குச்சியை அவளிடம் கொடுத்தாள். மனைவியும் மற்றவளும் சேர்ந்து அந்த எலும்பைத் தூக்கி வைத்தார்கள். தகப்பனின் அக்காமார் அதற்குப் பிறகு தாயோடு கதைப்பதில்லை.

ஏன் அப்படிச் செய்தாய் என்று இவள் தாயைக் கேட்டாளாம். அவர் இருக்கும்வரை ஒளித்தோம், இனி யாருக்கு ஒளிக்க என்றாளாம் தாய்.

என் மச்சாள், தம்பியின் மனைவி, இதை நம்பினாள். உயிரோடு இருக்கும்போது எவ்வளவும் ஒளிக்கலாம், சாவு வந்தால் கதவைத் திறந்து அவரவரை அவரவர் இடத்தில் நிறுத்துவார்கள் என்று நம்பினாள். அவளை அழித்தது அந்த நம்பிக்கை. எங்கள் ஆட்களை அவளுக்குத் தெரியாது. நாங்கள் உயிரோடு இருக்கும்போது ஒளிப்பதைவிடச் செத்த பிறகு கவனமாக ஒளிக்கிறவர்கள்.

இலையுதிர் காலத்தில் தம்பி கடையில் மீன் பெட்டி தூக்கும்போது விழுந்தான். மூளைக்குள் இரத்தம். அவர்கள் வீட்டுக்கு நடந்து போகிற தூரத்தில்தான் ஆஸ்பத்திரி. சில நாள் கண் திறக்காமல் கிடந்தான். அவள் பக்கத்தில் இருந்து அவனுக்கு முகம் துடைத்தாள், உதட்டுக்கு ஈரம் வைத்தாள். ஒரு மத்தியானம் நான் போனபோது அவனுடைய கை நகம் வெட்டிக்கொண்டிருந்தாள். சமையல்காரன் நகம் வளர்க்கக் கூடாது, எழும்பி வேலைக்குப் போகும்போது முதலாளி ஏசுவான் என்றாள். பக்கத்தில் குப்பைக்கூடை இல்லை. வெட்டிய நகத்தை ஒரு கடதாசித் துவாயில் மடித்துக் கோட்டுப் பைக்குள் வைத்தாள். இரண்டாம் நாள் தம்பி போய்விட்டான்.

ஆஸ்பத்திரி ஆட்கள் எல்லாவற்றையும் அவளைத்தான் கேட்டார்கள். சட்டப்படி மனைவி அவள். அவள் உங்களைக் காட்டினாள். அவர்கள் ஊரில் வீட்டுக்கு மூத்தவர்தான் செத்தவீட்டை நடத்துவாராம், அதனால் நீங்கள் கேட்க முன்னமே உங்களிடம் தந்துவிட்டாள். நீங்கள் நீட்டிய கடதாசிகளில் எல்லாம் கையெழுத்து வைத்தாள். ஒரேயொரு விஷயம் கேட்டாள். என்னைக் கொண்டுதான் கேட்பித்தாள். இங்கே தகனசாலையில் எலும்பை மெஷினில் போட்டு அரைத்துத் தூளாக்கித்தான் தருவார்கள், வேண்டாம் என்று முன்னமே சொன்னால் விடுவார்கள். அரைக்க வேண்டாம் என்று சொல்லுங்கள். பாதி எலும்பை நீங்கள் உங்கள் முறைப்படி எடுங்கள், பாதியை எனக்குத் தாருங்கள். அவர்கள் வழக்கத்தில் எலும்பைப் பங்கிட்டு இரண்டு இடத்தில் வைப்பது பாவமில்லையாம்.

நீங்கள் ஆஸ்பத்திரி நடையில் நின்று என்னிடம் சொன்னது, "ஓம் ஓம், நான் சொல்லுறன்."

இரண்டு நாளில் அறிவித்தல் வந்தது. தமிழ்க் கடையில், மரக்கறித் தட்டுக்கு மேலே ஒட்டியிருந்ததை நான் வாசித்தேன். கையில் இருந்த கூடையை வைத்துவிட்டு வெளியே வந்து உங்களுக்குப் போன் எடுத்தேன்.

"அண்ணை, அவளின்ர பேர் எங்க?"

"இந்த நேரத்தில அதுவே உனக்கு முக்கியம்?"

"வேற என்ன முக்கியம்?"

"பிள்ளையின்ர கலியாணம் முடியட்டும். பேந்து பாப்பம். அவளுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது தானே."

அவளுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது தானே. இந்த வசனத்தை நீங்கள் மறந்திருப்பீர்கள். நான் மறக்கவில்லை. அவளுக்கு வாசிக்கத் தெரியாது, ஆனால் அவளோடு வேலை செய்த பெடியங்களுக்குத் தெரியும். அவளின் பெயர் எங்கே வருகிறது என்று காட்டச் சொல்லிக் கேட்டாளாம். ஒருவன் விரலை வைத்து வைத்துத் தேடுவதுபோல நடித்துவிட்டு, வெளியே போய் நின்று சிகரெட் பத்தினானாம்.

உடலைப் பார்வைக்கு வைத்திருந்த மலர்ச்சாலைக்கு அவள் கறுப்புச் சட்டையும் கழுத்தில் ஒரு சரம் முத்தும் போட்டு வந்தாள். பெண்கள் அதைப் பிடித்துக்கொண்டார்கள். செத்தவீட்டுக்கு நகை போட்டு மினுக்கிக்கொண்டு வந்திருக்கிறாள் என்று எனக்குக் கேட்கவே கதைத்தார்கள். அவர்கள் ஊரில் துக்கத்துக்கு முத்து மட்டும் போடலாம், அது கண்ணீர் என்று கணக்கு. மற்ற எல்லாவற்றையும் கழற்றிவிட்டுத்தான் வந்திருந்தாள், அவன் போட்ட மோதிரம் தவிர. ஒரு வயதான அம்மா உங்களிடம் கேட்டா, "ஆர் தம்பி அந்தச் சைனாப் பிள்ளை?"

"கடையில கூட வேலை செய்தது, அம்மா."

நீங்கள் குரலை இறக்கக்கூட இல்லை. அவள் கடைசி வரிசையில், கடைப் பெடியங்களுக்கு நடுவில் இருந்தாள். வேலை செய்தது என்ற சொல்லை அவளுக்குத் தெரியும். அது குசினித் தமிழ்.

வாய்க்கரிசி போட வந்தபோது நான் எழும்பிப் போய் அவளின் கையைப் பிடித்து இழுத்தேன். முதல் ஆளாய்ப் போடவேண்டியவள் நீ, வா என்றேன். அவள் உங்களைப் பார்த்தாள். நீங்கள் வேண்டாம் என்று தலையை ஆட்டினீர்கள், கொஞ்சமாக. நான் பார்த்தேன். அவள் என் கையை விடுவித்து, எனக்கும் ஒரு வணக்கம் வைத்துவிட்டு அப்படியே இருந்தாள். எங்கள் வீட்டார், சொந்தக்காரர், ஊர்ச் சங்கத்தார், பள்ளிக்கூடச் சிநேகிதர் எல்லோரும் போட்டு முடித்த பிறகு கடைப் பெடியங்கள் எழும்பினார்கள். முன்னால் நின்றவன் விலகினான், அவனுக்கு முன் நின்றவனும் விலகினான். எல்லோரும் ஒதுங்கி அவளை முன்னால் விட்டார்கள். அந்த வரிசையில் அவள் முதல் ஆள். அந்தப் பெடியங்களிடம் இருந்த மரியாதை எங்கள் வீட்டில் இருக்கவில்லை.

தகனம் முடிந்து, சொன்ன நாளில் அவளும் நானும் தகனசாலைக்குப் போனோம். தாய் ஜப்பானிலிருந்து அவசரத் தபாலில் அனுப்பிய வெள்ளைச் சாடியை அவள் துணியில் சுற்றி மடியில் வைத்திருந்தாள். கூடவே இரண்டு சோடிக் குச்சி. ஒன்று உனக்கு என்று பஸ்ஸில் சொன்னாள். நான் எப்படிப் பிடிக்க வேண்டும் என்று காட்டித் தந்தாள். விழுத்திவிடுவேனோ என்று பஸ் இறங்கும்வரை பிடித்துப் பிடித்துப் பழகினேன்.

மேசையில் இருந்த பெண் பெயரைப் பார்த்துவிட்டு, தமையன் வந்து ஏற்கெனவே எடுத்துப் போய்விட்டார் என்றாள். எலும்பையா என்று மச்சாள் கேட்டாள். அந்தப் பெண்ணுக்கு விளங்கவில்லை. தூளாகத்தான் தருவோம் மேடம், எல்லோருக்கும் அப்படித்தான், வேறு மாதிரி வேண்டும் என்று எங்களுக்கு ஒருவரும் சொல்லவில்லையே என்றாள். நல்ல பெண், குரலில் இரக்கம் இருந்தது. மச்சாள் நன்றி சொன்னாள். குனிந்து, மெர்சி என்று. பிறகு அந்தக் குச்சிகளை எடுத்துத் திரும்பக் கடதாசியில் சுற்றத் தொடங்கினாள். சுற்றச் சுற்ற அவிழ்ந்தது. நான் வாங்கிச் சுற்றிக் கொடுத்தேன்.

நான் நேரே மொன்ட்ரியால்-நோருக்கு, உங்கள் வீட்டுக்கு வந்தேன். நீங்கள் குளித்துவிட்டுச் சோபாவில் இருந்தீர்கள். காலமை ஐயரைக் கூட்டிக்கொண்டு பின்னால் ஓடுகிற ஆற்றில் கரைத்தாயிற்று என்றீர்கள். தெருமுனை டெப்பனர் கடையில் வாங்கிய பால் பையைக் கத்தரிக்கோலால் வெட்டி ஊற்றினீர்களாம். ஏன் சொல்லவில்லை என்றேன். காடாத்துக்குப் பெண்கள் வாறதில்லை தானே என்றீர்கள். எலும்பு என்றேன்.

"எலும்பைக் குடுத்தா அவள் என்ன செய்வாள்? வீட்டுக்குள்ள வச்சிருப்பாள். துடக்கு, தீட்டெல்லோ."

அண்ணை, நாங்களும் எலும்பு பொறுக்கிற ஆட்கள்தானே. அப்பாவுக்குக் காடாத்து செய்து, சாம்பலைக் கிளறி, பால் தெளித்து, ஒவ்வொன்றாகப் பொறுக்கிச் சட்டியில் போட்டுக் கீரிமலைக் கடலுக்குக் கொண்டுபோனவர் நீங்கள். தலையெலும்பு உங்கள் கையில் உடைந்தது என்று வந்து அழுதீர்கள். எலும்பு என்றால் என்ன என்று இந்த நகரத்தில் ஒரு மனிதருக்கு விளங்க வேண்டும் என்றால் அது உங்களுக்குத்தான். விளங்கியபடிதான் அதை அரைக்க விட்டீர்கள்.

அவள் வீட்டுக்குத் திரும்பியதும் கதவுக்கு வெளியே நின்று பையிலிருந்து உப்பு எடுத்தாளாம். செத்தவீட்டுக்குப் போய் வந்தால் வீட்டுக்குள் கால் வைக்க முன்னம் உடம்பில் உப்புத் தூவ வேண்டும். நாங்கள் முழுகுகிற மாதிரி. உப்பைக் கையில் வைத்துக்கொண்டு யோசித்தாளாம், நான் புருஷனின் செத்தவீட்டுக்குப் போய் வந்தேனா, கூட வேலை செய்தவனின் செத்தவீட்டுக்குப் போய் வந்தேனா என்று. இதை அவள் அழாமல் சொன்னாள். கேட்ட நான்தான் அழுதேன்.

குளிர் தொடங்கித் தடித்த கோட்டை மாற்ற எடுத்தபோது, பழைய கோட்டுப் பைக்குள் அந்தக் கடதாசி மடிப்பு இருந்தது. நகம். அதை அந்த வெள்ளைச் சாடிக்குள் வைத்திருக்கிறாள். அவ்வளவு பெரிய சாடி. ஆட்டினால் சத்தமே வராது. காலமையில் அதற்கு முன்னால் ஒரு சின்னக் கோப்பையில் சோறும் ஒரு கிளாஸ் தேத்தண்ணியும் வைக்கிறாள். எங்கள் தம்பியில் மிச்சம் அதுதான்.

அன்றைக்கு அந்தச் சாடிக்கு முன்னால் இருந்து நான் அவளுக்கு ஆறுதல் சொன்னேன். ஆர் என்ன சொன்னாலும் நீ அவனுடைய மனைவி, எனக்குத் தெரியும், எனக்குத் தெரிந்தால் போதும் என்று பிரெஞ்சில் சொன்னேன். அவள் சோற்றுக் கோப்பையைச் சாடிக்கு நேராக நகர்த்தினாள். பிறகு தமிழில் சொன்னாள், உப்புக்குச் சொல்வதுபோலவே, "காணாது அக்கா."



மார்கழியில் உங்கள் வீட்டுக்குப் பலகாரம் சுட வந்தேன். நிச்சயதார்த்தம் வருகிறது, ஆள் காணாது என்று அண்ணி கூப்பிட்டா. மனம் வராமல்தான் வந்தேன். கூடத்தில் கயிறு கட்டி, வந்த கிறிஸ்மஸ் வாழ்த்துகளைக் கவ்வி போட்டுத் தொங்கவிட்டிருந்தது. பனிமனிதன், மான், பலூன். நடுவில் ஒரு சாம்பல் நிற அட்டை, மெல்லிய செவ்வந்திப் பூப் படம், பக்கத்தில் ஜப்பானிய எழுத்து. உங்கள் மகள் மாவுக் கையோடு வந்து, "அத்தை, இது எவ்வளவு வடிவு பாத்தீங்களா? ஆர் அனுப்பினதெண்டே தெரியேல்லை" என்றாள்.

எனக்குத் தெரியும். அதே அட்டையை அவள் வீட்டில் பார்த்திருந்தேன், வாசித்துக் காட்டியிருந்தாள். அவர்கள் நாட்டில் வீட்டில் துக்கம் நடந்தால் புத்தாண்டுக்கு வாழ்த்து அனுப்புவதில்லை. அதற்கு முன்னமே, எங்கள் வீட்டில் இன்னார் தவறிவிட்டார், ஆகையால் இந்த முறை வாழ்த்துச் சொல்லாமல் இருக்க மன்னிக்கவும் என்று அட்டை அடித்துத் தெரிந்தவர்கள் எல்லோருக்கும் அனுப்புவார்கள். தாயும் அடித்திருந்தாள். என் மகளின் கணவர் காலமானார் என்று. மகள் கனடாவில் படிக்கிறாள் என்றுதான் அதுவரை அங்கே சொல்லி வைத்திருந்தார்கள். தாயும் ஒளித்தவள்தான். அந்த அட்டையில் சொந்தக்காரர், அயலவர், பழைய வாத்தியார் எல்லோருக்கும் கலியாணத்தையும் சாவையும் ஒரே வசனத்தில் சொல்லிவிட்டாள். துக்க வீட்டாருக்கே துக்க அட்டை அனுப்புவது அவர்களுக்கும் வழக்கமில்லையாம். ஆனாலும் உங்களுக்கு ஒன்று அனுப்பினாள். நீங்கள் மூத்தவர், எங்கள் பக்கம் சொல்லியாகிவிட்டது என்று உங்களுக்குத் தெரிய வேண்டும் என்று.

நீங்கள் அதைப் பனிமனிதனுக்குப் பக்கத்தில் தொங்கவிட்டீர்கள். நான் அதைக் கழற்றி உங்கள் கையில் தந்து, என்ன எழுதியிருக்கிறது என்று சொன்னேன். நீங்கள் இரண்டாக மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்தீர்கள். "பிள்ளைக்கு முன்னால கதையாத" என்றீர்கள். பிள்ளை அடுப்படியில் நின்று பயற்றம் பணியாரம் உருட்டிக்கொண்டிருந்தாள்.

ஆவணியில் கலியாணம் நடந்தது. தம்பி செத்து ஆண்டு திரும்பவில்லை. துடக்கு என்று எலும்பைத் தராத நீங்கள், ஆண்டுக்குள் கலியாணம் வைக்க ஐயரிடம் ஒரு வழி கேட்டு வைத்திருந்தீர்கள். பிள்ளை நன்றாக இருக்கட்டும். அவளோடு எனக்குக் கோபம் ஒன்றுமில்லை. அந்தக் கலியாணத்தில் நான் சபையில் இருந்தேன். மச்சாள் கோட்-டெ-நெய்ஜில் தன் வீட்டில் இருந்தாள். சித்தப்பாவின் படத்துக்கு மேடையில் மாலை போட்டிருந்தீர்கள்.

போன கிழமை எனக்குப் போன் எடுத்தீர்கள். முதலாம் ஆண்டு நினைவஞ்சலி, பத்திரிகையில் அரைப் பக்கம் எடுத்திருக்கிறேன், உன் பெயரும் போடுகிறேன், புது மருமகனின் பெயரும் போடுகிறேன் என்றீர்கள். நான் கேட்டேன், கலியாணம் முடிஞ்சுது, இனி அவளின் பெயரைப் போடலாமே என்று.

"இப்ப போட்டா, அப்ப ஏன் போடேல்லை எண்டு சனம் கேக்குமெல்லோ."

இதுதான் உங்கள் கடைசிக் காரணம். அம்மாவின் இருதயம் முடிந்தது, மகளின் சம்பந்தம் முடிந்தது, இப்போது நீங்கள் சொன்ன பொய்யைக் காப்பாற்றுவதற்காக அவளை இன்னும் ஒளிக்க வேண்டும். இதற்கு முடிவே இல்லை. அவள் சாகும்வரை இது போகும். அவளுக்கும் சாவு வரும், அப்போது அவளைத் தாய் வீட்டுக் கல்லறையிலும் வைக்க மாட்டார்கள். கட்டிப் போனவளுக்கு அங்கே இடம் இல்லையாம், புருஷன் வீட்டோடு சேர வேண்டும். எந்த வீட்டோடு? அந்த வீட்டார் அவளைத் தெரியாது என்று அச்சில் போட்டுவிட்டார்களே.

நான் அவளிடம் போய் இன்னொரு முறை எனக்குத் தெரியும் என்று சொல்ல முடியாது. காணாது. எனக்கே காணவில்லை.

சனம் கேட்கட்டும், அண்ணை. கேட்க வேண்டும். நான் முதல் ஆளாகக் கேட்கிறேன். அந்த அரைப் பக்கத்தில், அதே எழுத்துப் பருமனில், மகனும் என்பதற்கும் சகோதரனும் என்பதற்கும் நடுவில் அவளின் முழுப் பெயரையும் அன்புக் கணவரும் என்ற இரண்டு சொல்லையும் போடுங்கள். போட மாட்டீர்கள் என்றால், ஏன் போட மாட்டீர்கள் என்று அந்தப் பக்கத்திலேயே உங்கள் பெயரை வைத்து எழுதுங்கள். திவசத்தன்று கோயில் மண்டபத்தில் பந்திக்கு எல்லோரும் இருப்பார்கள். நான் அவளைக் கூட்டிக்கொண்டு வருவேன், முன்வரிசையில் இருத்துவேன். யாரோ ஒரு அம்மா கட்டாயம் கேட்பா, ஆர் தம்பி இந்தப் பிள்ளை என்று. இந்த முறை எல்லோருக்கும் கேட்கிற மாதிரிப் பதில் சொல்லுங்கள்.